சாதலும் தெரிவும்

கேகாலை மாவட்டத்துக் கரவனெல்லவில் அரசினர் ஆதார வைத்தியசாலை ஒன்று உண்டு. அயலிலுள்ள இறப்பர்த் தோட்டங்களின் தமிழ்த் தொழிலாளரும் நோயுற்றபோது அதனை நாடுவர். மீளா நோயுற்ற ஒருவர் அங்குக் கிடந்து, "இனிப் போதும்; போகவிடுங்கள்" என வேண்டுவாராயின், அவருக்கு வரலாறும் சட்டமும் கூறும் விடை யாது?

தாமே தெரிந்துகொண்ட சாவு தமிழர்க்குப் புதிதன்று. புதல்வரோடு பகை நேர்ந்த கோப்பெருஞ்சோழன் வடக்கிருந்து உயிர்நீத்தமையைப் புறநானூறு காட்டும். செஞ்சிக்கு அண்மையிலுள்ள திருநாதர்குன்றிலே சந்திரநந்தி ஆசிரியர் 57 நாள் உண்ணாதிருந்து மாண்டமையைச் சமணக் கல்வெட்டொன்று கூறும். முன்னதற்கு மானமும் பின்னதற்கு நோன்பும் காரணமாயின, நோய்த்துயர் அன்று. எனினும் இரண்டிலும் தீர்மானித்தவரே மாண்டவர். தென் தமிழகத்துச் சில ஊர்களின் 'தலைக்கூத்தல்' இதற்கு நேர்மாறானது. தளர்ந்த முதியோரின் சாவை உறவினரே விரைவுபடுத்திய வழக்கம் அது. அங்குத் தீர்மானித்தவர் வேறு, மாண்டவர் வேறு.

இவ்வேறுபாடே பிற்காலச் சட்டங்களுக்கும் உரைகல்லாகும். 1973இல் கொடுந்தாக்குதலுக்குள்ளாகி நினைவிழந்த பம்பாய்த் தாதி அருணா ஷான்பாக்கின் உணவூட்டலை நிறுத்துமாறு எழுத்தாளர் பிங்கி விராணி கோரினார். பல்லாண்டு பராமரித்த வைத்தியசாலையினரோ அவர் வாழவேண்டும் என்றனர். 2011இல் இந்திய உச்ச நீதிமன்றம் அக்கோரிக்கையை மறுத்தது. ஆயினும் தக்க நிபந்தனைகளுடன் உயிர்காக்கும் சிகிச்சையை நிறுத்தலாம் என்றது. அருணா 2015இல் காலமானார். அவர் விருப்பம் யாதென எவரும் அறிந்திலர். 2018இல் அந்நீதிமன்றமே, சிகிச்சை பற்றிய விருப்பத்தை ஒருவர் முன்கூட்டியே எழுதிவைக்கும் உரிமையை ஏற்றது. உயிர்போக்கும் மருந்தை மருத்துவர் கொடுப்பதை அது அனுமதிக்கவில்லை. நெதர்லாந்திலும் பெல்ஜியத்திலும் அதற்கும் இடமளிக்கும் சட்டங்கள் 2002இல் நடைமுறைக்கு வந்தன.

இலங்கையிலோ 1883ஆம் ஆண்டுத் தண்டனைச் சட்டக்கோவையே இன்றும் ஆள்கின்றது. தற்கொலை முயற்சியைக் குற்றமாக்கிய பிரிவு 1998இல் நீக்கப்பட்டது. தற்கொலைக்கு உடந்தையாவோர்க்கு மரண தண்டனை விதிக்கும் பிரிவு நிலைத்தது. எனவே கரவனெல்ல நோயாளரின் வேண்டுகோளுக்கு மருத்துவர் இசைதல் இயலாது.

ஆயின் சட்டம் மாறினால் மட்டும் போதுமா? தோட்ட மக்களின் மருத்துவத் தேவைக்கென 1872இலேயே கட்டளைச் சட்டம் இயற்றப்பட்டது. தமிழும் அரசகரும மொழியென 1987இல் அரசியலமைப்பு ஏற்றது. இருந்தும் நோயாளர் தமிழிலே கூறுவதைச் சிங்களத்திலே விளங்கிக்கொள்ள இடையில் ஒருவர் தேவைப்படுமிடத்து, "போகவிடுங்கள்" என்ற சொல் வலியின் முறையீடா, வறுமையின் விரக்தியா, தெளிந்த தீர்மானமா என்பதை எவர் அறிவார்? வலி தணிக்கும் மருந்தும் தம் மொழியில் செவிமடுப்பாரும் முதலில் வாய்த்தல் வேண்டும். அவையின்றி வழங்கப்படும் தெரிவு, வடக்கிருத்தலின் வழிவந்ததாகாது, தலைக்கூத்தலின் வழிவந்ததாகும்.