சரித்திர போதனையும் பரீட்சையின் அதிகாரமும்: முருங்கன் பிரதேசத்தை முன்வைத்து ஓர் ஆய்வு

ஒரு நாட்டின் பாடசாலைகளிற் சரித்திரம் போதிக்கப்படும் முறையைப் பாடத்திட்டத்தைக் கொண்டு மாத்திரம் அறுதியிடுதல் இயலாது. அப்பாடத்தைப் பரீட்சிக்கும் அதிகாரம் எவரிடத்தில் உள்ளதென்பதையும் உடன்வைத்து நோக்குதல் வேண்டும். இலங்கையில் இப்பாடத்தின் உருவம் பன்முறை மாறியும் பரீட்சையே போதனையை நிர்ணயிக்கும் நியதி மாறவில்லை என்பதை, மதவாச்சி–தலைமன்னார் வீதியில், மன்னார்ப் பெருநிலப்பரப்பில் அமைந்த முருங்கனை உதாரணமாகக் கொண்டு ஆராய்வதே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

1869 இல் பொதுப் போதனைத் திணைக்களம் தாபிக்கப்பட்டதன் பின்னர், மிஷனரிப் பாடசாலைகள் பெற்ற அரசாங்க நன்கொடை, வாசிப்பு, எழுத்து, கணிதம் ஆகியவற்றில் மாணாக்கர் காட்டிய தேர்ச்சியைப் பொறுத்திருந்தமையால், நன்கொடை ஈட்டித் தராத சரித்திரம் சுயபாஷைப் பாடசாலைகளிற் பின்தள்ளப்பட்டது. 1880 இல் கேம்பிரிட்ஜ் பரீட்சைகள் அறிமுகமாயின. ஆங்கிலப் பாடசாலைகளில் அதன்பின் சரித்திரம் செல்வாக்குப் பெற்றதெனினும், அது பெரும்பாலும் இங்கிலாந்தின் சரித்திரமாகவே இருந்தது. முதலியார் இராசநாயகம் 1926 இல் ஆங்கிலத்தில் வெளியிட்ட பண்டைய யாழ்ப்பாணம் பற்றிய நூல் போன்ற சுதேச ஆராய்ச்சிகள் வகுப்பறைக்கு வெளியிலேயே வளர்ந்தன.

1945 இல் கல்வி அமைச்சர் கன்னங்கராவின் முயற்சியால் இலவசக் கல்வி நடைமுறைக்கு வந்தது. 1960, 1961 ஆம் ஆண்டுச் சட்டங்களால், மன்னாரிற் கத்தோலிக்கத் திருச்சபை நடத்தியவை உட்பட, உதவி பெற்ற பாடசாலைகளுட் பெரும்பாலானவை அரசாங்கத்தின் கைக்கு மாறின. 1972 ஆம் ஆண்டுச் சீர்திருத்தம் சரித்திரத்தையும் பூமிசாஸ்திரத்தையும் குடியியலையும் சமூகக்கல்வி என்னும் ஒரே பாடமாக்கியது. 2007 இல் தொடங்கிய புதிய கலைத்திட்டத்தில், வரலாறு என்னும் பெயருடன் சரித்திரம் ஆறாந் தரம் முதற் பதினோராந் தரம் வரை கட்டாயப் பாடமாக மீண்டது. இன்று பாடத்திட்டத்தைத் தேசிய கல்வி நிறுவகமும், பாடநூலைக் கல்வி வெளியீட்டுத் திணைக்களமும், க.பொ.த. சாதாரண தர வினாத்தாளைப் பரீட்சைத் திணைக்களமும் தலைநகர்ப் பகுதியிலிருந்தே வகுக்கின்றன. முருங்கனின் ஆசிரியருக்கு எஞ்சுவது, வகுக்கப்பட்டதைத் தவணைக்குள் முடிக்கும் பொறுப்பேயாம்.

ஆயினும், சரித்திர சாட்சியங்கள் இத்துணை செறிந்த பிரதேசம் அரிது. சம்பந்தராலும் சுந்தரராலும் பாடப்பெற்ற திருக்கேதீச்சரம் விளங்கும் மாதோட்டத் துறைமுகத்தில் 1980 களின் முற்பகுதியில் தொல்லியலாளர் ஜோன் கார்ஸ்வெல் நடத்திய அகழ்வாய்வு, சீனத்துடனும் மேற்காசியாவுடனும் அத்துறைமுகம் கொண்டிருந்த வாணிபத் தொடர்பைப் புலப்படுத்தியது. முருங்கனின் வயல்களுக்கு நீர் வார்க்கும் கட்டுக்கரைக்குளத்தின் அயலிலும், அண்மைக் காலத்திற் பேராசிரியர் ப. புஷ்பரட்ணம் தலைமையிலான ஆய்வில், சுடுமண் உருவங்கள் பல வெளிப்பட்டன. அக்குளத்தை நிரப்பும் நீரோ, அநுராதபுரத்தின் ஊடாக வந்து தேக்கம் அணையில் திருப்பப்படும் அருவியாற்றினது. எனவே, பாடநூல் விரித்துரைக்கும் அநுராதபுர நாகரிகமும் மாணாக்கனின் தந்தை உழும் வயலும் ஒரே நீர்த்தொடரைச் சார்ந்தவை. தலைநகரின் சரித்திரத்தையும் ஊரின் சரித்திரத்தையும் ஒன்றுக்கொன்று பகையாக நிறுத்தாது இணைத்துப் போதிப்பதற்கு இதனினும் வாய்ப்பான இடம் வேண்டுவதில்லை.

பாடசாலை மட்டக் கணிப்பீடு இதற்கு ஓரளவு இடமளிக்கின்றது. ஆனால் இறுதிப் பரீட்சையின் புள்ளியோடு போட்டியிடும் வலிமை அதற்கில்லை. நன்கொடைக் காலத்து உபாத்தியாயர் சரித்திரத்தைக் கைவிட்டதற்கும் இன்றைய ஆசிரியர் கட்டுக்கரையைக் கடந்து செல்வதற்கும் காரணம் ஒன்றே என்பது இதனாற் பெறப்படும். ஆதலின், பாடநூலிற் பிரதேச சரித்திரத்திற்கு ஓர் அத்தியாயம் சேர்ப்பதனால் மாத்திரம் பயன் விளையாது. தத்தம் பிரதேசத்துச் சான்றுகளைக் கொண்டு விடையளிக்கத்தக்க வினாவொன்றையாவது பொதுப் பரீட்சை ஏற்றல் வேண்டும்.