கர்ப்பகால மன உளைச்சலும் குழந்தை வளர்ச்சியும்: கெடா தோட்டங்களும் பட்டணங்களும்

கர்ப்பகால மன உளைச்சல் என்பது, கருவுற்ற பெண் தன்னால் மாற்ற முடியாத நெருக்கடியில் வாரக்கணக்காக, மாதக்கணக்காகச் சிக்கியிருக்கும்போது அவள் மனத்திலும் உடலிலும் நீடிக்கும் நிலை. ஒருநாள் சண்டையும் ஒரு வாரத்து வேலைப்பளுவும் இதில் சேரா. தீராத கடன், அடிக்கும் கணவன், எப்போது காலி செய்யச் சொல்வார்களோ என்ற வீடு, பசி, போர், நெருங்கியவரின் சாவு ஆகியவை இதன் வழக்கமான காரணங்கள். தமிழில் ‘மனஅழுத்தம்’ என்ற சொல்லை நெருக்கடிக்கும் நோய்க்கும் சேர்த்தே வழங்குகிறோம். இக்கட்டுரையில் ‘உளைச்சல்’ நெருக்கடியையும், ‘மனச்சோர்வு’ மருத்துவம் தேவைப்படும் நோயையும் குறிக்கும்.

மலேசியாவின் வடமேற்கில் உள்ள கெடா மாநிலத்தில், சுங்கை பட்டாணி, பீடோங், கூலிம், பாடாங் செராய் வட்டாரங்களில் வாழும் தமிழ்க் குடும்பங்களில் பெரும்பாலானவை ரப்பர் தோட்டங்களிலிருந்து வந்தவை. கர்ப்பிணியின் கவலை எங்கிருந்து பிறக்கிறது, குழந்தையை எப்படி எட்டுகிறது என்பதைப் புரிந்துகொள்ள இந்தக் குடும்பங்களின் நூறாண்டு வாழ்க்கை நல்ல சான்று.

தோட்டத்தில் கர்ப்பம்

ரப்பர் காலத்தில் தோட்டத்துப் பெண்ணின் நாள் விடியும் முன்பே தொடங்கிவிடும். இருட்டிலேயே ஆள்கணக்கெடுக்கும் பெரட்டுக் களத்தில் பெயர் கொடுத்து, நெற்றியில் விளக்கைக் கட்டிக்கொண்டு தனக்கு ஒதுக்கிய மரவரிசையான நிரைக்குப் போவாள். பாலுக்காகப் பட்டையைக் கீறும் வெட்டு தாழ்ந்திருந்தால் மரத்துக்கு மரம் குனிய வேண்டும். ஏழு மாத வயிற்றோடு நூற்றுக்கணக்கான முறை குனிந்து நிமிர வேண்டும். வெட்டு முடிந்ததும் மங்குகளில் சேர்ந்த பாலை வாளியில் ஊற்றி, காண்டா என்ற சுமைத்தடியில் தோளேற்றிப் பால் கொட்டகைக்கு நடப்பாள். மூத்த பிள்ளை, தோட்டத்துப் பிள்ளைகளைப் பார்த்துக்கொள்ளும் ஆயாக் கொட்டகையில் இருக்கும். மழை பெய்தால் வெட்டு இல்லை. வெட்டு இல்லாத நாளுக்குக் கூலியும் இல்லை. வானம் கறுத்தாலே அடுப்பைப் பற்றிய கவலை வந்துவிடும்.

உடலுழைப்பைவிட அதிகம் அரித்தது நிச்சயமின்மைதான். லயம் என்ற வரிசை வீடு வேலையோடு பிணைக்கப்பட்டது. வேலை போனால் வீடும் போகும். சம்பள நாளன்று கூலியில் ஒரு பங்கு கள்ளுக்கடைக்குப் போனது. கெடாவின் பீடோங் வட்டாரத்தில் 1946–47இல் எழுந்த தொண்டர் படை கள்ளுக்கடைகளை முதன்மையான எதிரியாகக் கொண்டதை இந்தப் பின்னணியில் பார்க்க வேண்டும். 1950களில் வெள்ளைக்காரக் கம்பெனிகள் தோட்டங்களைத் துண்டுபோட்டு விற்றபோது, தலைமுறைகளாக இருந்த இடத்தை விட்டுப் பெயர வேண்டிய அச்சம் குடும்பம் குடும்பமாகப் பரவியது. தொழிலாளரே தோட்டத்தை வாங்கட்டும் என்று துன் வீ. தி. சம்பந்தன் 1960இல் தேசிய நிலநிதிக் கூட்டுறவுச் சங்கத்தைத் தொடங்கினார். அது வாங்கிய முதல் தோட்டம் கெடாவின் புக்கிட் சிடிம்.

இவற்றுக்கெல்லாம் முன்பு ஜப்பானியர் காலம். சயாம் மரண ரயில் பாதை 1942–43இல் 415 கிலோமீட்டர் நீளத்துக்குப் போடப்பட்டபோது மலாயாத் தோட்டங்களிலிருந்து தமிழர்கள் பல்லாயிரக்கணக்கில் கொண்டுபோகப்பட்டனர், திரும்பாதவர்கள் ஏராளம். 1943 அக்டோபரில் கெடாவையே ஜப்பான் தாய்லாந்திடம் ஒப்படைத்தது. கணவன் உயிரோடு இருக்கிறானா என்று தெரியாமல், அரிசி இல்லாத வீட்டில் மரவள்ளிக்கிழங்கை அவித்துத் தின்று, லயத்தில் பிள்ளை பெற்ற பெண்கள் இருந்தார்கள்.

கருவை எட்டும் வழி

தாயின் நினைப்பு அப்படியே கருவுக்குப் போவதில்லை. போவது இரத்தத்தில் கலந்த வேதிச் செய்தி. அச்சத்திலும் நெருக்கடியிலும் சிறுநீரகத்தின் மேலுள்ள சுரப்பி கார்ட்டிசால் என்ற இயக்குநீரைச் சுரக்கிறது. கருவின் நுரையீரலும் மூளையும் முதிர்வதற்கு ஓரளவு கார்ட்டிசால் வேண்டும், மிகுந்தால் கேடு. அதனால் நஞ்சுக்கொடியில் உள்ள ஒரு நொதி, தாயிடமிருந்து வரும் கார்ட்டிசாலின் பெரும்பகுதியைச் செயலற்றதாக மாற்றிவிட்டே மிச்சத்தை உள்ளே விடுகிறது. நீடித்த பதற்றத்தில் இந்தக் காவல் தளர்வதற்குச் சான்றுகள் உண்டு. மேலும், நஞ்சுக்கொடி தானே சுரக்கும் மற்றொரு இயக்குநீர் கூடி, குறைமாதப் பிரசவத்துக்கு வழிசெய்யலாம்.

சுற்றுவழிகளும் உண்டு, தோட்டத்துக்கும் பட்டணத்துக்கும் அவையே பெரியவை என்பது என் கருத்து. உளைச்சலில் இருப்பவளுக்குச் சோறு இறங்காது, தூக்கம் பிடிக்காது, கிளினிக் தேதி தவறும். வீட்டில் அடி விழுந்தால் வயிற்றிலும் விழும்.

ஆய்வுகள் சொல்வது

சயாம் ரயில் முடிந்த மறு ஆண்டு, 1944–45 குளிர்காலத்தில், ஜெர்மானிய முற்றுகையால் நெதர்லாந்தின் மேற்குப் பகுதி பட்டினியில் விழுந்தது. ஒருவருக்கான ரேஷன் நாளுக்கு ஆயிரம் கலோரிக்கும் கீழே போனது. அங்கு மருத்துவமனைப் பதிவேடுகள் இருந்ததால், அப்போது கருவில் இருந்தவர்களைப் பல பத்தாண்டுகள் பின்தொடர முடிந்தது. கர்ப்பத்தின் தொடக்க மாதங்களில் பட்டினியைச் சந்தித்தவர்களிடம் நடுவயதில் இதயநோயும், இளமையில் மனச்சிதைவு நோயும் கூடுதலாகக் காணப்பட்டன. அதே ஆண்டுகளில் கெடாவின் லயங்களில் பிறந்தவர்களைப் பற்றி நாம் அறிவது பெரும்பாலும் பாட்டிமார் சொல்லக் கேட்டதுதான்.

பட்டினி கலக்காத நெருக்கடிக்குச் சான்று கனடாவிலிருந்து வந்தது. 1998 ஜனவரியில் கியூபெக்கில் பெய்த உறைமழையால் லட்சக்கணக்கான வீடுகள் இருளில் மூழ்கின. சில இடங்களில் மின்சாரம் திரும்ப ஐந்து, ஆறு வாரம் ஆயிற்று. அப்போது கர்ப்பமாக இருந்த பெண்களின் பிள்ளைகளை சூசன் கிங் குழுவினர் பல ஆண்டுகள் தொடர்ந்து சோதித்துவந்தனர். இரண்டு வயதில் மொழியறிவிலும் அறிவுத்திறனிலும் தெரிந்த வேறுபாடு, தாய் எவ்வளவு கலங்கினாள் என்பதைவிட அவள் எத்தனை நாள் இருளிலும் குளிரிலும் தவித்தாள் என்பதோடு நெருக்கமாகப் பொருந்தியது. தோட்டத்துக் கர்ப்பிணியிடம் “கவலப்படாதம்மா” என்று மட்டும் சொல்லி அனுப்புகிறவர்கள் இந்த முடிவைத் தெரிந்துகொள்ள வேண்டும். கஷ்டம் குறையாமல், அதை அவள் வெளிக்காட்டாமல் இருந்தால் போதும் என்பதற்கு ஆதாரமில்லை.

இங்கிலாந்தின் பிரிஸ்டல் வட்டாரத்தில் 1991–92இல் தொடங்கிய பெரிய ஆய்வில், கர்ப்பத்தின் பிற்பகுதியில் மிகுந்த பதற்றத்தில் இருந்த தாய்மாரின் பிள்ளைகளுக்கு நடத்தை, உணர்ச்சிச் சிக்கல்கள் வரும் வாய்ப்பு ஏறக்குறைய இருமடங்கு என்று தெரிந்தது. இருமடங்கு என்றால் பயமாகத்தான் இருக்கும். கணக்கைப் பிரித்துப் பார்த்தால், 13 வயதளவில் மற்ற பிள்ளைகளில் நூற்றுக்கு ஆறேழு பேர். பதற்றத்தில் இருந்த தாய்மாரின் பிள்ளைகளில் பன்னிரண்டு பேர். மீதி எண்பத்தெட்டுப் பேருக்கு அந்தச் சிக்கல் இல்லை.

இதில் பரம்பரைக் கூறும் கலந்திருக்கலாம் அல்லவா? பிரான்செஸ் ரைஸ் குழுவினர் சோதனைக்குழாய்க் குழந்தைகளை வைத்து இதைப் பிரித்துப் பார்த்தனர். கொடையாளியின் கருமுட்டையில் உருவான பிள்ளைக்கும் சுமந்த தாய்க்கும் மரபணு உறவு இல்லை. அங்கும் தாயின் உளைச்சல் பிறப்பு எடையோடும், பிள்ளையின் முரட்டு நடத்தையோடும் தொடர்பு காட்டியது. ஆனால் கவனக்குறைவுக் கோளாறோடு இருந்த தொடர்பு மரபுவழி உறவுள்ள இணைகளில் மட்டுமே தெரிந்தது.

மிதமான உளைச்சல் கெடுதல் செய்ததாகத் தெரியவில்லை. நலமான பெண்களிடையே அமெரிக்காவில் நடந்த ஓர் ஆய்வில், அத்தகைய தாய்மாரின் பிள்ளைகள் இரண்டு வயதில் சற்று முன்னேறியே இருந்தனர். கருவில் கார்ட்டிசால் மிகுந்த குழந்தைகளிலும், பிறந்த பின் தாயோடு பாதுகாப்பான ஒட்டுதல் வாய்த்தவர்களிடம் அறிவுத்திறன் பாதிப்புத் தென்படவில்லை என்று லண்டன் ஆய்வு ஒன்று காட்டியது.

நம்பிக்கையும் பழியும்

கர்ப்பிணியின் மனம் குளிர்ந்திருக்க வேண்டும் என்பதை நம் வீடுகளில் ஆய்வுக்குக் காத்திராமல் அறிந்திருந்தார்கள். பிரகலாதன் தாய் வயிற்றிலிருந்தே கேட்ட கதை எல்லாருக்கும் தெரியும். ஏழாம் மாதத்து வளைகாப்பில் உறவும் அக்கம்பக்கமும் கூடி, சந்தனம் பூசி, கை நிறைய வளையல் அடுக்கி, சித்திரான்னம் ஊட்டுவது, ‘நீ தனியாக இல்லை’ என்று பலர் முன்னிலையில் அவளுக்குச் சொல்வது. பிரசவத்துக்குப் பிந்திய நாற்பது நாள் பத்தியமும் எண்ணெய்த் தேய்ப்பும் அவளுக்கு ஓய்வை உரிமையாக்கின.

இதே நம்பிக்கை பழியாகத் திரும்புவதும் உண்டு. பிள்ளை பேசத் தாமதமானால் “மாசமா இருக்கப்ப நீ அழுதுக்கிட்டே இருந்தே” என்று அவளையே குற்றவாளியாக்குகிறார்கள். அழ வைத்தது யார் என்று யாரும் கேட்பதில்லை. கோவாவில் விக்ரம் பட்டேல் குழுவினர் 2002இல் வெளியிட்ட ஆய்வு, பிரசவத்துக்குப் பிந்திய மனச்சோர்வுக்கு வறுமை, கணவனின் வன்முறை, ஆண் பிள்ளையை எதிர்பார்த்து ஏமாந்த குடும்பம் ஆகியவற்றைக் காரணிகளாக எடுத்துக்காட்டியது.

பட்டணத்தில்

ரப்பர் போய்ச் செம்பனை வந்தது. தோட்டங்கள் வீடமைப்புத் திட்டங்களாயின. 1996இல் கூலிம் உயர்தொழில்நுட்பப் பூங்கா திறக்கப்பட்டபின் தோட்டத்துப் பெண்களின் மகள்கள் தொழிற்சாலை பஸ் ஏறினார்கள். காண்டா வாளி போய் இரவு ஷிப்ட் வந்தது. அடுக்குமாடி வீட்டில் தண்ணீர், மின்சாரம், கதவுக்குப் பூட்டு எல்லாம் உண்டு. ஆயாக் கொட்டகையும், கூப்பிட்டால் ஓடிவரும் லயத்து அக்காவும் இல்லை. ஆலோங் எனப்படும் கந்துவட்டிக்காரனிடம் வாங்கிய கடனுக்கு வாசலில் ஆள் வந்து நிற்கும் வீட்டில் கர்ப்பிணிக்கு இரவு எப்படிக் கழியும் என்பதைச் சொல்ல வேண்டியதில்லை.

சட்டம் ஓரளவு துணை நிற்கிறது. 1955ஆம் ஆண்டு வேலைச் சட்டத்தில் செய்த திருத்தம் 2023 ஜனவரி 1 முதல் பிரசவ விடுப்பை 60 நாளிலிருந்து 98 நாளாக்கியது. மணமான தந்தைக்கு 7 நாள் விடுப்பும் தந்தது. கர்ப்பத்தைக் காரணம் காட்டி வேலையைவிட்டு நிறுத்துவதையும் தடுக்கிறது.

கிளினிக்கில்

மலேசியா தாய்மார் உயிரைக் காப்பதில் பெற்ற வெற்றி உலகம் படித்த பாடம். 1950இல் லட்சம் பிறப்புக்கு 500க்கும் மேல் இருந்த தாய் இறப்பு, இந்நூற்றாண்டில் 30ஐ ஒட்டி வந்தது. இது எப்படி நடந்தது என்பதை இந்திரா பத்மநாதன் குழுவினர் உலக வங்கிக்காக 2003இல் எழுதினர். கிராமத்துக்கே போன பயிற்சி பெற்ற பிடான்கள் (மருத்துவச்சிகள்) அதில் முக்கிய இடம் பெறுகிறார்கள். இன்றும் கிளினிக் கெசிஹாத்தான் என்ற அரசு சுகாதார நிலையத்தில் கர்ப்பிணியின் புத்தகத்தில் ஆபத்தின் அளவுக்கேற்ப வெள்ளை, பச்சை, மஞ்சள், சிவப்பு அடையாளம் இடுகிறார்கள். இரத்த அழுத்தம், சர்க்கரை, இரத்தச்சோகை எதுவும் தப்பாது.

மனம் அத்தனை எளிதில் அகப்படாது. தோட்டத்துப் பெண், மிஸ்ஸி என்று அவள் அழைக்கும் தாதியிடம் “எனக்கு மன உளைச்சல்” என்று சொல்ல மாட்டாள். “நெஞ்சு படபடன்னு அடிக்குது மிஸ்ஸி, ராத்திரி தூக்கமே இல்ல, சோறு எறங்கல” என்பாள். இதயத்துடிப்பைப் பார்த்து, இரும்புச்சத்து மாத்திரை கொடுத்து அனுப்பிவிடலாம். 1987இல் எடின்பரோவில் உருவான பத்துக் கேள்விப் பட்டியல் இந்த இடத்தில் உதவுகிறது. கடந்த ஏழு நாளில் சிரிக்க முடிந்ததா, காரணமில்லாமல் பயந்தீர்களா என்று கேட்கும் அதன் தமிழ் வடிவம் வேலூரில் சரிபார்க்கப்பட்டது. எழுதத் தெரியாதவருக்கு வாசித்துக் காட்டலாம். ஆனால் கணவரையும் மாமியாரையும் வெளியே உட்காரவைத்துவிட்டு வாசிக்க வேண்டும்.

கண்டறிந்தபின் செய்ய வழி உண்டு. பாகிஸ்தான் கிராமங்களில் அதிஃப் ரஹ்மான் குழுவினர் சாதாரணப் பெண் சுகாதார ஊழியர்களுக்குப் பயிற்சி கொடுத்து, கர்ப்பிணிகளின் வீடுகளுக்கே அனுப்பிப் பேசவைத்தனர். குழந்தைக்கு ஆறு மாதமானபோது தாய்மாரின் மனச்சோர்வு மற்ற கிராமங்களில் இருந்ததில் பாதிக்கும் கீழே வந்தது என்று 2008இல் அறிவித்தனர். மலேசியாவில் வீட்டு வன்முறைக்குத் தாலியான் காசே 15999 எண்ணும், மன நெருக்கடிக்குச் சுகாதார அமைச்சின் தாலியான் ஹீல் 15555 எண்ணும் உண்டு. 15999ஐக் கர்ப்பிணியேதான் அழைக்க வேண்டும் என்பதில்லை. சுவருக்கு அந்தப்பக்கம் சத்தம் கேட்கும் அண்டை வீட்டாரும் அழைக்கலாம்.