ஐஸ்லாந்தின் பாறைப் பூதங்கள்

ஒன்பதாம் நூற்றாண்டின் பிற்பகுதியில் பெரும்பாலும் நார்வேயிலிருந்து கடல் கடந்து ஐஸ்லாந்தில் குடியேறிய மக்கள், ஆடுமாடுகளையும் விதைதானியத்தையும் கொண்டுவந்ததைப் போலவே, மலைக்குள் வாழும் பேருருவங்களைப் பற்றிய நம்பிக்கையையும் உடன் கொண்டுவந்தனர். பாறையைக் குறிக்கும் சொல்லோடு சேர்த்து 'பெர்க்ரிசி' என்றும், பொதுவாக 'ட்ரோல்' என்றும் அழைக்கப்பட்ட இப்பூதங்களுக்கு, எரிமலைக் குழம்பு உறைந்து உண்டான அத்தீவில் வேறெங்கும் கிடைக்காத அளவுக்கு இடம் கிடைத்தது. அச்சமூட்டும் அரக்கர்களாகவே அவற்றைச் சித்திரிக்கும் வழக்கம் பிற்காலக் குழந்தைக் கதைகளில் வலுப்பெற்றிருந்தாலும், பழைய ஏடுகளையும் நாட்டார் கதைகளையும் சேர்த்துப் படிக்கும்போது, மனிதனுக்கும் கல்லுடல் பூதத்துக்கும் இடையே கொடுக்கல் வாங்கலும் வாக்குக் காத்தலும் நிறைந்த ஓர் அண்டையுறவே மேலோங்கித் தெரிகிறது.

கல்லாலான உடல் என்னும் கற்பனை மிகத் தெளிவாக வெளிப்படுவது, 13ஆம் நூற்றாண்டில் ஸ்னோரி ஸ்டுர்லுசன் இயற்றிய எட்டா என்னும் நூலிலாகும். இடித்தெய்வமான தோரை எதிர்க்கும் ஹ்ருங்னிர் என்னும் பூதத்துக்கு இதயம் மூன்று முனை கொண்ட கடுங்கல்லாகவும், தலையும் கேடயமும் கல்லாகவும், படைக்கலம் சாணைக்கல்லாகவும் அமைந்திருந்தன. அவனுக்குத் துணையாக மற்றப் பூதங்கள் களிமண்ணால் மோக்குர்கால்ஃபி என்னும் உருவத்தைச் செய்து, அவ்வளவு பெரிய உடலுக்குப் பொருந்தும் இதயம் கிடைக்காமல் பெண்குதிரையின் இதயத்தைப் பொருத்தியதால், அது தோரைக் கண்டதும் நடுநடுங்கிப்போயிற்று என்றும், அதை வீழ்த்தியவன் தோரின் பணியாளனும் குடியானவன் மகனுமான தியால்ஃபி என்றும் ஸ்னோரி கூறுகிறார். தெய்வங்களின் போர்க்களத்தில்கூட மண்பூதத்தை எதிர்கொள்ளும் வேலை மனிதனுக்கு ஒதுக்கப்பட்டிருப்பது கருதத்தக்கது.

குடியேற்ற வரலாற்றைக் குடும்பம் குடும்பமாகப் பதிவுசெய்யும் லாண்ட்நாமபோக் என்னும் நூல் இவ்வுறவின் வேறொரு முகத்தைக் காட்டுகிறது. நிலத்தைக் காக்கும் ஆவிகளான 'லாண்ட்வைத்திர்' அஞ்சி ஓடாதிருக்க, வாய் பிளந்த விலங்குத் தலைகளை முகப்பில் தாங்கிய கப்பல்கள் கரை தெரியும் முன்பே அவற்றைக் கழற்றிவிட வேண்டும் என்று பழஞ்சட்டம் விதித்ததாக அந்நூலின் ஒரு படி தெரிவிக்கிறது. அதே நூலில் வரும் மோல்டா-க்னூப்பூர் என்பவரின் குடும்பம், தான் குடியேறிய இடத்தை நோக்கி எரிகுழம்பு வந்ததால் மேற்கே பெயர்ந்து, இறுதியில் க்ரிண்டாவிக்கில் தங்கியது. அவருடைய மகன் ப்யோர்னின் கனவில் ஒரு பாறைவாசி தோன்றித் தன்னுடன் கூட்டு சேருமாறு கேட்க, அவர் இசைந்தார் என்றும், பின்னர் எங்கிருந்தோ ஒரு பொலிகிடா வந்து அவருடைய வெள்ளாடுகளோடு சேர்ந்ததால் மந்தை பெருகி அவர் செல்வந்தரானார் என்றும் அந்நூல் சொல்கிறது. எரிமலைக்குத் தப்பி வந்து, கால்நடைகள் குறைவாகவே இருந்த ஒரு குடும்பம், அதே நிலத்தின் பாறையோடு உடன்படிக்கை செய்துகொண்டு பிழைத்தது என்னும் இச்செய்தியைவிட அம்மக்களின் நிலையை நெருக்கமாகக் காட்டும் சான்று அரிது. 2023 நவம்பரில் எரிமலை அபாயத்தால் மக்கள் வெளியேற்றப்பட்ட க்ரிண்டாவிக் அந்த ஊரேயாகும்.

ஏறத்தாழ 1000ஆம் ஆண்டில் ஐஸ்லாந்தின் பொதுமன்றமான ஆல்திங்கி கிறித்தவத்தை ஏற்றுக்கொண்டபின், பூதங்கள் தேவாலய மணியோசையைப் பொறுக்காதவையாகக் கதைகளில் மாறின. வடபகுதியின் திங்கேரார் மடத்து மணிகளைக் கல்லெறிந்து தகர்க்கச் சென்ற பூதம் விடியலில் கல்லாகி நிற்பதே, கடலுக்குள் சுமார் 15 மீட்டர் உயரத்துக்கு எழும் ஹ்விட்செர்குர் பாறை என்பர். நிலவியல் நோக்கில் அது, விரிசலுக்குள் ஏறி உறைந்த எரிகுழம்புச் சுவர், சுற்றியிருந்த மென்பாறை அரிக்கப்பட்டபின் தனித்து நின்றதாகும். இத்தகைய வடிவங்கள் கரையெங்கும் நிறைந்த நாட்டில், தெற்கே ரேனிஸ்ட்ராங்கர் தூண்களைக் கப்பலைக் கரைக்கு இழுத்தபோது பொழுது விடிந்துவிட்ட பூதங்களாக மக்கள் கண்டதில் வியப்பில்லை.

ஆயினும் புதிய சமயம் பூதங்களுக்கு முற்றிலும் இடமில்லாமல் செய்துவிடவில்லை. 13ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் ஹோலார் ஆயராக இருந்த குட்முந்துர் அராசன், ட்ராங்கே தீவில் கடற்பறவைகளையும் முட்டைகளையும் எடுப்போர் விழுந்து மடியாதிருக்கக் கயிற்றில் இறங்கிச் செங்குத்துப் பாறைகளை மந்திரித்து வந்தபோது, பாறையிலிருந்து நீண்ட ஒரு கை கத்தியால் கயிற்றை அறுக்க முற்பட்டதாகவும், தீயோருக்கும் குடியிருக்க ஓர் இடம் வேண்டுமென ஒரு குரல் கேட்டதாகவும், அதை ஏற்ற ஆயர் ஒரு பகுதியை மந்திரிக்காமல் விட்டதாகவும் கதை வழங்குகிறது. அந்நியனை முற்றாகத் துரத்தாமல் எல்லை வகுத்து விட்டுவைக்கும் இந்தத் தீர்வு, சட்டத்தையும் சமரசத்தையும் பெரிதாக மதித்த ஒரு சமூகத்தின் முத்திரையைத் தாங்கியிருக்கிறது.

இவ்வுறவின் கனிந்த வடிவம் பெர்க்தோர் என்னும் பூதத்தின் கதையாகும். ப்ளாஃபெல் மலைக் குகையில் வாழ்ந்த இவன், ஒரு பண்ணையில் தாகத்துக்குக் கேட்டுக் காத்திருந்த வேளையில் தன் தடியால் பாறையில் ஒரு குழியைக் குடைந்து, தயிர் போன்ற ஸ்கீர் என்னும் உணவை வடித்தபின் எஞ்சும் புளித்த நீரை அதில் ஊற்றி வைக்குமாறும், அது உறையாது என்றும் சொல்லிச் சென்றான். முதுமையில் அவன் ஹௌகாதாலுரின் குடியானவனிடம், மணியோசையும் ஆற்றின் ஓசையும் கேட்கும் இடத்தில் தன்னைப் புதைக்க வேண்டுமென்றும், தன் தடி வாசலில் கிடப்பதே சாவின் அடையாளம் என்றும், படுக்கையருகே உள்ள கொப்பரையில் இருப்பதைக் கூலியாக எடுத்துக்கொள்ளலாம் என்றும் கேட்டுக்கொண்டான். உடலை எடுக்கச் சென்றவர்கள் கொப்பரையில் இலைகளையே கண்டு ஏமாந்தனர். ஆனால் கையுறையில் கொஞ்சம் இலைகளை நிரப்பிக்கொண்ட ஒருவன் மலையடிவாரத்தில் பார்த்தபோது அவை காசுகளாகியிருந்தன. மணியை வெறுத்த இனத்தைச் சேர்ந்த ஒருவன் மணியோசைக்காகவே இடம் கேட்டான் என்பதில், பகையின் இறுக்கம் எவ்வளவு தளர்ந்துவிட்டது என்பது புலப்படுகிறது.

ஜெர்மானிய அறிஞர் கொன்ராட் மௌரரின் ஊக்கத்தோடு யோன் அர்னசன் தொகுத்த நாட்டார் கதைகள் 1862 முதல் 1864 வரை லைப்ஸிக்கில் இரு தொகுதிகளாக வெளிவந்தபோது, டென்மார்க்கின் ஆட்சியிலிருந்த மக்களுக்கு இக்கதைகள் தேசத்தின் சொந்த உடைமையாகத் தோன்றின. டேனிய மன்னன் ஹரால்டு ஏவிய மந்திரவாதி திமிங்கில உருவில் தீவைச் சுற்றி வந்தபோது, டிராகன், பெரும்பறவை, காளை ஆகியவற்றோடு, குன்றுகளைவிட உயர்ந்த தலையும் இரும்புத் தடியும் கொண்ட பெர்க்ரிசியும் அவனைத் தடுத்ததாக ஸ்னோரி ஹெய்ம்ஸ்க்ரிங்லா என்னும் அரசர் வரலாற்றில் எழுதியிருந்தார். அந்நால்வரும் 1919இல் நாட்டுச் சின்னத்தின் கேடயத்தைத் தாங்குவோராயினர். குடியரசு அறிவிக்கப்பட்ட 1944இல் ட்ரிக்வி மாக்னூசன் புதிதாக வரைந்த வடிவத்தில் அவர்கள் நிற்பது பசால்ட் பாறைப் பலகையின் மீதாகும், 1981இல் வெளியான ஒரு குரோனா நாணயத்திலோ அந்நால்வரில் பாறைப் பூதம் மட்டுமே இடம்பெற்றிருக்கிறது.