பாலத்துக்கு அடியில் கிடந்த ஹீப்ரு: ஆர்மீனியாவின் யூதர்கள்

போன மாசம் நம்ம எபிசோடுகளைத் தவறாமக் கேட்கிற ஒரு தம்பி எனக்கு ஒரு போட்டோ அனுப்பியிருந்தான். யெரெவான்ல மெடிசின் படிக்கிறான். லீவுக்கு ஃப்ரெண்ட்ஸோட தெற்குப் பக்கம் மலைக்குப் போனப்போ எடுத்த படம். புல்லுக்கு நடுவுல, படுக்க வெச்ச மாதிரி ஒரு நீளமான கல். அது மேல எழுத்து. "அண்ணா, ஆர்மீனிய எழுத்து எனக்கு இப்போ ஓரளவு வாசிக்க வரும். இது அது இல்ல. என்னது இது?"ன்னு கேட்டிருந்தான்.

அது ஹீப்ரு. அந்த இடத்தோட பேர் யெகெகிஸ். வயோட்ஸ் ஜோர் மாகாணத்துல, ஆத்தங்கரையில இருக்கிற ஒரு சின்ன மலைக் கிராமம். ஒரு வரியில பதில் போட்டுட்டு வேலையைப் பார்க்கலாம்னுதான் நினைச்சேன். மூணு வாரம் ஓடிப்போச்சு. ஆபீஸ்ல ஸ்பிரிண்ட் முடியறதுக்குள்ள இந்தக் கதை முடியாதுன்னு தெரிஞ்சுது.

ஒரு சின்ன விஷயம் முதல்ல. சென்னையில பாரிமுனைப் பக்கம் 'அரண்மனைக்காரன் தெரு'ன்னு ஒண்ணு இருக்கு. இங்கிலீஷ்ல அதுக்குப் பேர் ஆர்மீனியன் ஸ்ட்ரீட். ஆர்மீனிய வணிகர்கள் இருந்த தெரு, அவங்க கட்டின சர்ச் இன்னும் நிக்குது. 'ஆர்மீனியன்' மக்கள் வாயில புகுந்து 'அரண்மனைக்காரன்' ஆயிடுச்சுன்னு சொல்றாங்க. அங்க அரண்மனையும் இல்ல, அரண்மனைக்காரனும் இல்ல. ஒரு ஊர்ல வந்து வாழ்ந்துட்டுப் போனவங்க இப்படி ஒரு தப்பான பேருக்குள்ள ஒளிஞ்சு கிடக்கலாம். யெகெகிஸ்ல ஒளிஞ்சு கிடந்தது ஒரு பாலத்துக்கு அடியில.

1996ல அந்தப் பகுதி பிஷப் ஆப்ரகாம் ம்கர்ட்சியான் இந்தக் கற்களைப் பார்க்கிறார். எழுத்து ஹீப்ருவாச்சேன்னு அவருக்கு ஆச்சரியம். விஷயம் ஜெருசலேம் வரைக்கும் போகுது. அங்க ஹீப்ரு பல்கலைக்கழகத்துல மைக்கேல் ஸ்டோன்னு ஒரு பேராசிரியர். அவரோட துறையே ஆர்மீனிய ஆய்வுகள். இதைவிடப் பொருத்தமான ஆள் உலகத்துலயே இருந்திருக்க முடியாது. அவரும் தொல்லியல் அறிஞர் டேவிட் அமித்தும் 2000ல் இருந்து அங்க போய் ஆய்வு பண்றாங்க. ஆத்துக்கு அந்தக் கரையில ஒரு முழு யூத மயானம். 60க்கும் மேற்பட்ட கல்லறைக் கற்கள். ஹீப்ருவும் அரமேய மொழியும் கலந்த கல்வெட்டுகள். தேதி வாசிக்க முடிஞ்ச கற்கள்ல பழையது 1266, கடைசி 1337 வாக்குல.

எல்லாக் கல்லும் மயானத்துல கிடைக்கல. சிலது ஆத்தைக் கடக்கிற நடைபாலத்துக்கு அஸ்திவாரமா இருந்துச்சு. சிலது ஒரு மாவு மில்லோட அடித்தளத்துல. நம்ம ஊர்ல கல்வெட்டுக் கல்லைத் துணி துவைக்கிற கல்லா போட்டு வெச்சிருக்கிறதைப் பார்த்தவங்களுக்கு இதுல அதிர்ச்சி இருக்காது. நல்லா செதுக்கின, தட்டையான, கனமான கல். பாலம் கட்டறவனுக்கு வேற என்ன வேணும்? பகை எல்லாம் ஒண்ணும் இல்ல, அது யாரோட கல்லுன்னு சொல்ல ஊர்ல யாரும் மிச்சம் இல்ல, அவ்வளவுதான்.

இன்னும் ஒரு கூத்து. 1912லயே நிகோலாய் மார்ங்கிற ரஷ்ய அறிஞர் இதே யெகெகிஸ்ல கிடைச்ச ஒரு ஹீப்ரு கல்லைப் பத்திக் கட்டுரை போட்டுட்டார். அதுக்கப்புறம் முதல் உலகப்போர், புரட்சி, சோவியத். எண்பது வருஷத்துக்கு மேல அந்த டிக்கெட்டை யாருமே திறந்து பார்க்கல.

கற்கள்ல என்னை நிறுத்தினது ஒரு பொண்ணோட கல். பேர் எஸ்தர், அப்பா பேர் மிகாயேல். கல்யாணம் நிச்சயம் ஆகி, கல்யாணத்துக்கு முன்னாடியே இறந்துட்டா. அதையும் கல்லுல எழுதியிருக்காங்க: கன்னிப்பெண், நிச்சயிக்கப்பட்டவள். ஆதித்தாய் சாராளோடு இவளுக்குப் பங்கு கிடைக்கணும்னு ஒரு வேண்டுதல். அழகு நிலைக்காது, கடவுளுக்குப் பயந்து நடக்கிற பொண்ணுதான் பெருமைன்னு சொல்ற பைபிள் வாசகம் ஒண்ணும் இருக்கு. 700 வருஷத்துக்கு முன்னாடி ஒரு அப்பா கல்தச்சன் பக்கத்துல நின்னுக்கிட்டு, இதையும் எழுது, அதையும் எழுதுன்னு சொல்லியிருப்பாரோன்னு எனக்குத் தோணுது. அப்படி நடந்துச்சான்னு தெரியாது. ஆனா எழுத்துக்குக் கூலி கொடுத்துதான் ஆகணும், அந்தக் கல்லுல எழுத்து நிறையவே இருக்கு.

அந்தக் கல்தச்சன் யாருங்கறது இன்னொரு சுவாரசியம். இந்தக் கற்களோட வடிவம் அதே காலத்து ஆர்மீனியக் கிறிஸ்தவக் கல்லறைகளோட வடிவம்தான். சுருள் சக்கரம் மாதிரி ஒரு அலங்காரம் ரெண்டு பக்கமும் வருது. ஒரே பட்டறையில இருந்து ரெண்டு மயானத்துக்கும் கல் போயிருக்கலாம்ங்கறது என் ஊகம். ஹீப்ரு தெரிஞ்ச ஒருத்தர் எழுத்தை வரைஞ்சு கொடுத்தா தச்சன் செதுக்கிட்டுப் போறான்.

சரி, மலைக்கு நடுவுல இவங்க எப்படி வந்தாங்க? அந்தக் காலத்து யெகெகிஸ் இன்னைக்கு மாதிரி மூலையில கிடந்த ஊர் இல்ல. ஓர்பெலியன்னு ஒரு பிரபு வம்சத்தோட தலைநகர். மேல மங்கோலியர் ஆட்சி. சண்டை போட்டு அழியறதுக்குப் பதிலா ஓர்பெலியன்கள் பேசிப் பிழைச்சவங்க. ஸ்ம்பாத் ஓர்பெலியன் கரகோரம் வரைக்கும் பயணம் பண்ணி மோங்கே கானை நேர்ல பார்த்துட்டு வந்தவர். அதனால அந்தப் பள்ளத்தாக்கு வழியா வணிகப் பாதை உயிரோட இருந்துச்சு. மேல செலிம் கணவாய்ல 1332ல ஓர்பெலியன்கள் கட்டின சத்திரம் இன்னைக்கும் கூரையோட நிக்குது. வாசல்ல ஆர்மீனிய எழுத்துலயும், அரபு எழுத்துல பாரசீகத்துலயும் கல்வெட்டு. ரெண்டு மொழியில போர்டு வெச்ச ஊருக்கு மூணாவது மொழி பேசறவன் வந்து கடை போடறது ஒண்ணும் அதிசயம் இல்ல. யூதக் கற்கள்லயும் 'குவாஜா' மாதிரி பாரசீகப் பக்கத்துப் பட்டம் வருது, வசதியான வணிகர்களுக்குக் கொடுக்கிற மரியாதை. பாரசீகத்துல இருந்து வந்த வணிகக் குடும்பங்கள்னு ஆய்வாளர்கள் நினைக்கிறாங்க.

இப்போ எனக்கு உறுத்தற விஷயத்துக்கு வர்றேன். இந்த வம்சத்துலயே ஒரு வரலாற்று ஆசிரியர் இருந்தார். பிஷப் ஸ்டெபனோஸ் ஓர்பெலியன். 1290களோட கடைசியில சியூனிக் நாட்டோட முழு வரலாற்றை எழுதி வெச்சார். எஸ்தரோட குடும்பமும் அவரும் ஒரே பள்ளத்தாக்கு, ஏறக்குறைய ஒரே காலம். ஆனா யெகெகிஸ்ல யூதர்கள் இருந்தாங்கன்னு சொல்ற பழைய புத்தகம் ஒண்ணு கூட ஆய்வாளர்கள் கையில இல்ல. கல்லு மட்டும்தான் சாட்சி.

இதுக்கு நேர் எதிர்க் கதையும் ஆர்மீனியாவுலயே இருக்கு. 360கள்ல பாரசீக ராஜா இரண்டாம் ஷாப்பூர் ஆர்மீனிய நகரங்களைச் சூறையாடி மக்களைப் பிடிச்சுட்டுப் போறான். பவ்ஸ்டோஸ் புசாந்த் எழுதின பழைய வரலாற்றுல நகரவாரியா கணக்கு இருக்கு: வான் நகரத்துல இருந்து 5,000 ஆர்மீனியக் குடும்பம், 18,000 யூதக் குடும்பம். நக்சிவான்ல இருந்து 2,000 ஆர்மீனியக் குடும்பம், 16,000 யூதக் குடும்பம். ஆர்மீனிய நகரத்துல ஆர்மீனியர்களைவிட யூதர்கள் எட்டு மடங்கு! இவங்களை எல்லாம் கி.மு. முதல் நூற்றாண்டுல மகா திக்ரான் கொண்டு வந்து குடியமர்த்தினதா அதே புத்தகம் சொல்லுது. திக்ரான் சிரியா வரைக்கும் பிடிச்சது உண்மை. புதுத் தலைநகருக்காக ஊர் ஊரா மக்களைத் தூக்கிட்டு வந்ததும் உண்மை. அதனால நகரங்கள்ல யூதர்கள் இருந்தாங்கங்கறதை நம்பலாம். எண்ணிக்கையை யாரும் அப்படியே நம்பறது இல்ல. அத்தனை ஆயிரம் குடும்பத்துக்கு ஈடா தரையில ஒண்ணும் கிடைக்கவும் இல்ல.

என் வேலையில இது தினசரி நடக்கிறது. டாக்குமெண்டேஷன்ல பெரிய பெரிய ஃபீச்சர் எல்லாம் இருக்கும், கோட்ல தேடினா காணோம். சர்வர் லாக்ல ஒண்ணு ஓடிக்கிட்டே இருக்கும், டாக்குமெண்ட்ல ஒரு வரி இருக்காது. நான் லாக் கட்சி.

டாக்குமெண்டை எழுதினது யார், யாருக்காகன்னும் பார்க்கணும் இல்லையா? மொவ்செஸ் கொரெனாட்சியை ஆர்மீனிய வரலாற்றோட தந்தைன்னு சொல்வாங்க. பக்ரதுனி வம்சத்தோட மூதாதை, நேபுகாத்நேச்சார் சிறைபிடிச்ச ஒரு யூதப் பெரியவர்னு எழுதினார். அவரை எழுதச் சொன்ன புரவலர் யார் தெரியுமா? சஹாக் பக்ரதுனி. பின்னாடி இந்த வம்சத்தோட ஜார்ஜியக் கிளை, தாவீது ராஜாவோட நேர் வாரிசு நாங்கன்னே சொல்லிக்கிச்சு. கிறிஸ்தவ ராஜாக்களுக்கு பைபிள்ல இருந்து ஒரு தாத்தா கிடைச்சா கசக்குமா? புத்தகத்துல இருக்கிற யூதருக்கு அவ்வளவு கிராக்கி. ஆத்துக்கு அந்தப் பக்கம் உயிரோட இருந்த யூதரைப் பத்தி எழுத ஒருத்தருக்கும் தோணல.

1335ல பாரசீகத்து மங்கோலிய அரசு வாரிசு இல்லாம உடையுது. வணிகப் பாதைக்குக் காவல் போச்சு. யெகெகிஸ்ல கடைசித் தேதி போட்ட கல்லும் அந்த வருஷங்கள்தான். ரெண்டையும் இணைச்சுப் பார்க்க ஆசையா இருக்கு, ஆனா எங்க போனாங்கன்னு சொல்ற கல் எதுவும் கிடைக்கல.

அப்புறம் 19ஆம் நூற்றாண்டுல ரஷ்ய ஆட்சி வந்தப்போ யூதர்கள் திரும்பவும் வந்தாங்க. பாரசீகத்துல இருந்தும் போலந்துப் பக்கம் இருந்தும் யெரெவானுக்கு. சனிக்கிழமையைப் புனித நாளா வெச்ச 'சுப்போட்னிக்'னு ரஷ்ய விவசாயிகளை நாடு கடத்தினப்போ, அவங்கள்ல சிலர் செவான் ஏரிக்கரையில வந்து தங்கினாங்க. அது தனி எபிசோடு. இன்னைக்கு நாடு முழுக்க யூதர்கள் சில நூறு பேர், யெரெவான்ல ஒரு ஜெப ஆலயம். அதே ஊர்ல 2006ல ரெண்டு இனப்படுகொலைகளுக்கும் சேர்த்து ஒரு நினைவுச்சின்னம் வெச்சாங்க, ஆர்மீனியத்துலயும் ஹீப்ருவுலயும் எழுதி.

தம்பிக்கு இதையெல்லாம் வாய்ஸ் நோட்டா அனுப்பினேன். அவன் எடுத்த கல்லுல இருக்கிற பேரை என்னால வாசிக்க முடியல, பாசி மூடியிருக்கு. அடுத்த லீவுக்கு மறுபடி போறானாம். சாயங்கால வெயில் சாய்ஞ்சு விழறப்போ எடுடா, எழுத்து எடுப்பாத் தெரியும்னு சொல்லியிருக்கேன்.