1951, 1962: ஆசிய விளையாட்டுக் கால்பந்தில் இந்தியாவின் இரு தங்கங்களை ஒரே கோட்டில் வைக்கலாமா?

இந்தியக் கால்பந்தைப் பற்றி எழுதுவோர் 1951 முதல் 1962 வரையிலான ஆண்டுகளைப் பொற்காலம் என்று குறிப்பது மரபாகிவிட்டது. இந்த மரபைப் பரவலாக வாசகரிடம் கொண்டு சேர்த்தவர்களில் மறைந்த நோவி கபாடியா முதன்மையானவர். அவர் ஆட்டத்தை நேரில் அறிந்தவர், வீரர்களோடு பழகியவர். அவர் தொகுத்துத் தந்த செய்திகள் இல்லாமல் இத்துறையில் இன்று எவரும் ஒரு பக்கம்கூட எழுத முடியாது. ஆயினும், அவர் வழிவந்த வாசிப்பில் 1951 தில்லித் தங்கமும் 1962 ஜகார்த்தாத் தங்கமும் ஒரே வளர்ச்சியின் தொடக்கமாகவும் உச்சமாகவும் அமைந்துவிடுவதை என்னால் ஏற்க இயலவில்லை. இரண்டுக்கும் இடையே நேர்க்கோடு இல்லை என்பதே என் துணிபு.

முதலில் ஆசிய விளையாட்டுக் கால்பந்தின் முடிவுகளையே பார்க்கலாம். 1951-இல் தில்லியில் ஆறு அணிகள் ஆடின. இந்தியா இந்தோனேசியாவையும் ஆப்கானிஸ்தானையும் தலா 3-0 என வென்றது. இறுதியாட்டத்தில் மேவாலால் அடித்த ஒற்றைக் கோலால் ஈரானை வீழ்த்தியது. 1954-இல் மணிலாவில் ஜப்பானை 3-2 என வென்றாலும், இந்தோனேசியாவிடம் 0-4 எனத் தோற்றுப் பிரிவு ஆட்டத்தோடு வெளியேறியது. 1958-இல் டோக்கியோவில் அரையிறுதியில் தென் கொரியாவிடம் 1-3, வெண்கலத்துக்கான ஆட்டத்தில் மீண்டும் இந்தோனேசியாவிடம் 1-4. ஏறுமுகம் என்று சொல்லப்படும் பதினோராண்டுகளின் நடுவில் இப்படி இரண்டு சரிவுகள் கிடக்கின்றன. பொற்கால வாசிப்பு இவற்றை மறைக்கவில்லை, விரைந்து கடந்துவிடுகிறது.

அந்த இடைவெளியை நிரப்பப் பயன்படுவது 1956 மெல்பர்ன் ஒலிம்பிக். அங்கே இந்தியா நான்காம் இடம் பெற்றது. ஆஸ்திரேலியாவுக்கு எதிராக நெவில் டிசோசா அடித்த மூன்று கோல்கள் என்றும் மதிக்கத்தக்கவை. ஆனால் முதல் சுற்றில் எதிரே நிற்க வேண்டிய ஹங்கேரி வரவில்லை. ஆகவே 4-2 என்ற அந்த ஒரே வெற்றி இந்தியாவை அரையிறுதிக்குக் கொண்டு சென்றது. அதன்பின் யூகோஸ்லாவியாவிடம் 1-4, பல்கேரியாவிடம் 0-3. இந்த ஒரு வெற்றியை வைத்து இரண்டு தங்கங்களுக்கு இடையே பாலம் கட்டுவது, சான்று தாங்கக்கூடிய எடைக்கு மேல் அதன்மீது ஏற்றுவதாகும்.

அணிகளை ஒப்பிட்டால் விலகல் இன்னும் தெளிவாகும். சைலேன் மன்னா தலைமையேற்ற 1951 அணியில் பலர் வெறுங்காலோடு ஆடியவர்கள். 1952 ஹெல்சிங்கி ஒலிம்பிக்கில் யூகோஸ்லாவியாவிடம் 1-10 எனத் தோற்ற பிறகே பூட்ஸ் கட்டாயமாயிற்று. சுனி கோஸ்வாமி தலைமையேற்ற 1962 அணியிலும் மன்னாவின் அணியிலும் இடம்பெற்ற வீரர் ஒருவர்கூட இல்லை. இரண்டையும் இணைக்கும் ஒரே பெயர் பயிற்சியாளர் சையத் அப்துல் ரஹீம். அப்படியானால் கோடு முழுவதும் ஒரு மனிதர் மீது நிற்கிறது. ரஹீமின் பங்கைக் குறைப்பது என் நோக்கமன்று. அவர் ஜகார்த்தாவில் செய்தது என்ன என்பதைச் சரியாக வாசிக்க வேண்டும் என்பதே என் கோரிக்கை.

அதற்கு நான் முதன்மைச் சான்றாகக் கொள்வது 1962 தொடரின் கோல் பட்டியல். பலரும் புரட்டிக் கடந்துபோகும் பட்டியல் அது. பிரிவு ஆட்டங்களில் இந்தியா தென் கொரியாவிடம் 0-2 எனத் தோற்றது. தாய்லாந்தை 4-1, ஜப்பானை 2-0 என வென்றது. இந்த ஆறு கோல்களையும் அடித்தவர்கள் மூவர்: பி.கே. பானர்ஜி, சுனி கோஸ்வாமி, துளசிதாஸ் பலராம். மூவரும் முன்கள வீரர்கள், இதுவரை எதிர்பார்த்தபடிதான். அரையிறுதியில் தென் வியட்நாமை 3-2 என வென்றபோது திடீரென ஒரு புதுப்பெயர் வருகிறது: ஜர்னைல் சிங். இறுதியாட்டத்தில் தென் கொரியாவை 2-1 என வென்றபோது மீண்டும் அதே பெயர். 17-ஆவது நிமிடத்தில் பானர்ஜி, 20-ஆவது நிமிடத்தில் ஜர்னைல். இவர் ஆசியாவே அறிந்த தடுப்பாட்டக்காரர். தாய்லாந்து ஆட்டத்தில் தலையில் அடிபட்டுத் தையல் போட்டுக்கொண்டவர். ரஹீம் அவரை நடு முன்களத்தில் நிறுத்தினார்.

இந்தப் பெயர் பட்டியலில் ஏறும் இடமே என் வாதத்தின் மையம். ஆண்டுக்கணக்கில் வளர்த்த ஒரு முறையின் விளைவாக அந்த இடமாற்றம் இருந்திருந்தால், தொடரின் முதல் ஆட்டத்திலேயே அதன் தடம் தெரிந்திருக்க வேண்டும். தெரிவது காயத்துக்குப் பிறகுதான். கோல்காப்பிலும் இதே நிலை: முந்தைய ஆட்டங்களில் பிரத்யுத் பர்மன் நின்றார், இறுதியாட்டத்தில், காய்ச்சலிலிருந்து எழுந்து வந்த பீட்டர் தங்கராஜ் நின்றார். (சென்னைப் படைப்பிரிவின் வழியே ராணுவக் கால்பந்துக்கு வந்த தங்கராஜும் தொடக்கத்தில் முன்கள வீரராக ஆடியவரே என்பது கூடுதல் சுவை.) ஆக, முதலில் கொரியாவிடம் தோற்ற அணியும் பின்னர் கொரியாவை வென்ற அணியும் ஒரே அணி அல்ல. தொடருக்குள்ளேயே, இழப்பின் நெருக்கடியில் மாற்றிக் கட்டப்பட்ட அணி அது. அந்தத் துணிவுக்குரிய புகழ் முழுவதும் ரஹீமுக்கே சேர வேண்டும். பதினோராண்டுப் பொற்காலத்துக்கு அதைப் பங்கு பிரித்துக் கொடுப்பது அவருக்குச் செய்யும் அநீதி.

இதற்கு ஒரு மறுப்பு எழலாம். பிரேசில் 1958-இல் உலகறியச் செய்யும் முன்பே ரஹீம் 4-2-4 அமைப்பை இந்தியாவில் புகுத்திவிட்டார், ஜகார்த்தா அந்த நெடிய சிந்தனையின் கனி என்பது அம்மறுப்பு. இக்கூற்று எங்கும் திரும்பத் திரும்ப வருகிறது. ஆனால் இது எந்த ஆட்டத்தில், எந்த எதிரணிக்கு எதிராக என்ற குறிப்போடு வருவதில்லை. பின்னாளில் நினைவுகூர்ந்தவை தேதியற்ற புகழுரையாகவே நிற்கின்றன. அமைப்பு முன்பே வேரூன்றியிருந்தது என்றால் 1958 டோக்கியோவின் 1-3, 1-4 ஆகியவற்றுக்கும் அதே அமைப்பு விடைசொல்ல வேண்டும். 4-2-4 எப்போது வந்தது என்ற தேதியைத் திறந்தே விடுகிறேன். அத்தேதியை நிலைநாட்டாமல் அதன்மேல் காலவரையறை கட்டக் கூடாது என்பதில் மட்டும் உறுதியாக இருக்கிறேன்.

எதிர்த்திசையிலும் ஒரு மிகை உண்டு. 1954, 1958 இரண்டிலும் தங்கம் வென்ற தைவான் ஜகார்த்தாவில் இல்லை. தைவானுக்கும் இஸ்ரேலுக்கும் இந்தோனேசியா விசா மறுத்திருந்தது. ஆகவே 1962 தங்கம் எளிதாய்க் கிடைத்தது என்று சொல்வோர் உண்டு. இதை ஏற்க முடியாது. 1956, 1960 ஆகிய இரு ஆசியக் கோப்பைகளையும் வென்றிருந்த தென் கொரியாவை வீழ்த்தியே இந்தியா அதைப் பெற்றது. அதுவும் எத்தகைய சூழலில்! விலக்கப்பட்ட நாடுகளுக்காக, இப்போட்டியை ஆசிய விளையாட்டாக ஏற்கலாகாது என்ற நிலைப்பாட்டைச் சர்வதேச ஒலிம்பிக் குழுவின் இந்திய உறுப்பினர் ஜி.டி. சோந்தி எடுத்தார். அதனால் எழுந்த சினத்தில் செப்டம்பர் 3 அன்று இந்தியத் தூதரகம் தாக்கப்பட்டது. மறுநாள் செனாயன் அரங்கில் இறுதியாட்டம். அரங்கு நிறைந்த கூட்டம் இந்திய அணியை எதிர்த்துக் கூச்சலிட்டது. இந்தத் தங்கம் மட்டமானது என்று சொல்ல எனக்கு மனம் வராது, சான்றும் இல்லை.

தொடர்ச்சியே இல்லை என்றும் நான் வாதிடவில்லை. 1960 ரோம் ஒலிம்பிக்கில் பிரான்சோடு 1-1 எனச் சமன் செய்த அணியின் உயிர்நாடி பானர்ஜி, கோஸ்வாமி, பலராம், ஜர்னைல் ஆகியோர். ஜகார்த்தாவின் வேரை அங்கே தேடுவதில் நியாயம் இருக்கிறது. ரஹீம் 1963 ஜூன் 11 அன்று புற்றுநோயால் மறைந்தார். ஆனால் 1964 ஆசியக் கோப்பையில் இந்தியா மீண்டும் தென் கொரியாவை 2-0 என வென்று இரண்டாம் இடம் பெற்றது. 1966 பாங்காக் ஆசிய விளையாட்டில்தான் ஜப்பானிடமும் ஈரானிடமும் தோற்று, பிரிவு ஆட்டத்தோடு திரும்பியது.

எனவே ஒரு காலப்பகுதி வேண்டுமென்றால் 1960 முதல் 1964 வரை என்பதே முடிவுகளுக்கு நெருக்கமானது. தில்லித் தங்கம் அதற்கு வெளியே, வேறொரு ஆட்டத்தின் வெற்றியாக, தனியே வாசிக்கப்பட வேண்டியது. 1970 வெண்கலத்தை எந்தக் கணக்கில் சேர்ப்பது என்பதில் எனக்கு இன்னும் தெளிவில்லை: ஜப்பானை 1-0 என வென்று பெற்ற அந்தப் பதக்கத்தைத் தொடர்ச்சியின் எச்சம் என்பதா, தனித்த நிகழ்வு என்பதா? அவ்வணியின் வீரர்களை 1964 அணியோடு ஒருவர் பின் ஒருவராக ஒப்பிட்ட பிறகே அதைத் தீர்மானிக்க இயலும்.