ஊமைச் சுருளில் தம்பிகளைத் தேடி

பெங்களூர் பிரேசர் டவுனில் எங்கள் தெருப் பெரியவர்கள் சாப்பர்ஸ் படையாட்களைத் 'தம்பிகள்' என்றுதான் சொல்வார்கள். இன்றைக்கு எம்.இ.ஜி. (மெட்ராஸ் இன்ஜினியர் குரூப்) என்று வழங்கும் அந்தப் படையில் அப்போது தமிழர்கள் ஏராளம். முள்வேலியைத் தகர்க்கும் 'பெங்களூர் டார்பிடோ'வை 1912இல் அங்கே இருந்த கேப்டன் மெக்ளின்டாக் உருவாக்கினார். குழாயில் வெடிமருந்தை அடைத்து, குழாயோடு குழாயைக் கோத்து, வேலிக்கு அடியில் தள்ளிவிடுவது. முதல் உலகப்போரில் தம்பிகள் மெசபடோமியாவுக்கும் கிழக்கு ஆப்பிரிக்காவுக்கும் கப்பலேறினார்கள்.

அதனால் அந்தக் காலத்துப் போர்ச் சுருள் எது கிடைத்தாலும் என் கண் அவர்களைத்தான் தேடும். 1916இல் இந்தியப் படைகளைப் பற்றி ஒரு படம் வந்தது. ஆனால் அது பிரான்ஸ் முனையில் எடுத்தது. அதே ஆண்டு வந்த 'சோம் போர்' படத்துக்கு பிரிட்டனில் ஆறே வாரத்தில் சுமார் 2 கோடி டிக்கெட் விற்றதாகக் கணக்கு. அதில் வீரர்கள் பதுங்குகுழியிலிருந்து ஏறிப் பாயும் காட்சி ஏற்பாடு செய்து எடுத்தது. முக்காலியில் நிறுத்திக் கையால் சுற்றும் கேமராவோடு தோட்டாவுக்கு நடுவே ஓட முடியாது. நான் நம்புவது மற்ற காட்சிகளை: காயம்பட்டவனை முதுகில் சுமந்து குழிவழியே வருகிறவன், அணிவகுத்துப் போகும்போது கேமராவைத் திரும்பிப் பார்த்துச் சிரிக்கிறவன். போரைவிட அந்தச் சாதாரண நாள்தான் சுருளில் அப்படியே பதிந்திருக்கிறது.

1917 டிசம்பர் 11 அன்று ஜெனரல் அலன்பி ஜெருசலேமுக்குள் நடந்தே நுழைந்ததும் படமானது. பாலம் கட்டுகிறவனுக்கும் பாதை போடுகிறவனுக்கும் அந்த மாதிரிக் கவனிப்பு கிடைக்கவில்லை. தம்பிகளின் வேலையோ அதுதான்.

சினிமாச் சுருளுக்கு எங்கள் ஊர் வேறு விதத்தில் கைகொடுத்திருக்கிறது. வைஸ்ராய் கர்சன் காலத்தில் நிகழ்ச்சிகளைப் படம்பிடித்த ஸ்டூவர்ட் ஸ்மித்திடம் புனேயில் கேமரா கற்றவர் நடராஜ முதலியார். போர் நடந்த அந்த ஆண்டுகளிலேயே சென்னையில் 'கீசக வதம்' என்ற ஊமைப்படத்தை எடுத்தார். சுருளைக் கழுவ மட்டும் பெங்களூருக்கு வருவார். சென்னை வெக்கையில் சுருளின் ஜெலட்டின் பூச்சு இளகிவிடும். 3,000 அடி உயரத்தில் இருக்கும் இந்த ஊரின் குளிர் அதைக் காப்பாற்றியது. இப்போது அந்தப் படத்தில் ஓர் அடிகூட மிஞ்சவில்லை; நினைக்கும்போதெல்லாம் எனக்கு ஆறவில்லை.

போர்ச் சுருள்கள் பல லண்டன் இம்பீரியல் வார் மியூசியத்தில் பத்திரமாக இருக்கின்றன. மெசபடோமியாவில் கேமராக்காரர் ஏரியல் வார்ஜஸ் எடுத்தவற்றில் இனி தம்பிகளைத் தேட வேண்டும்.