கொங்கு நாட்டு லாரி ஓட்டுநர்: சங்கமும் வேலைநிறுத்தமும்

நாமக்கல், சங்ககிரி, திருச்செங்கோடு ஆகியவை தமிழக லாரித் தொழிலின் முக்கிய மையங்கள். நாமக்கல் பாடி கட்டும் பட்டறைகளுக்கும் எரிவாயு டேங்கர்களுக்கும், திருச்செங்கோடு ஆழ்துளைக் கிணறு தோண்டும் ரிக் வண்டிகளுக்கும் பெயர்பெற்றவை.

இப்பகுதியில் ‘லாரி ஸ்டிரைக்’ என்றாலே பெரும்பாலும் உரிமையாளர் சங்கங்கள் அறிவிப்பதுதான். அகில இந்திய மோட்டார் டிரான்ஸ்போர்ட் காங்கிரஸ் 2018 ஜூலை 20 முதல் எட்டு நாள் நடத்திய போராட்டத்தின் முதன்மைக் கோரிக்கைகள் டீசல் விலை, சுங்கக் கட்டணம், மூன்றாம் நபர் காப்பீட்டு பிரீமியம். எல்லாமே வண்டிக்காரரின் செலவுக் கணக்கு. நடைக்கு நடை படி வாங்கும் ஓட்டுநருக்கோ, வண்டி நின்றால் வருமானமும் நின்றுவிடும்.

ஓட்டுநர்கள் தனியே அணிதிரளாததற்கு அவர்களைக் குறை சொல்வது நியாயமல்ல. மாதத்தில் பாதி நாள் வெளிமாநிலச் சாலையில் இருப்பவர் சங்கக் கூட்டத்துக்கு எப்படி வருவார்? ஓட்டுநரே கடன் வாங்கி வண்டி எடுத்து உரிமையாளராவதும் இங்கு வழக்கம். சட்டமும் முழுதாகத் துணை நிற்கவில்லை. 1961ஆம் ஆண்டின் மோட்டார் போக்குவரத்துத் தொழிலாளர் சட்டம் நாளுக்கு 8 மணி நேரம், வாரத்துக்கு 48 மணி நேரம் என வேலைக்கு வரம்பு வைத்தது. ஆனால் அது ஐந்து பேருக்கும் குறைவாக வேலைக்கு வைத்திருந்த சிறு முதலாளிகளை எட்டவில்லை. ஐந்தாவது ஆள் சேர்ந்தால்தான் பொருந்தியது. ஓரிரு லாரி வைத்திருப்போர் நிறைந்த தொழிலில் இது பெரும் ஓட்டையாக இருந்தது.

ஆனாலும் ஓட்டுநர் தரப்பும் போராடியதுண்டு. சாலைப் போக்குவரத்து, பாதுகாப்பு மசோதாவை எதிர்த்து 2015 ஏப்ரல் 30 அன்று தொழிற்சங்கங்கள் நாடு தழுவிய வேலைநிறுத்தம் செய்தன. கவனக்குறைவால் உயிரிழப்பு விபத்தை ஏற்படுத்தி, தகவல் தராமல் தப்புவோருக்குப் பத்தாண்டு வரை சிறை என்ற பாரதிய நியாய சன்ஹிதா எனும் தண்டனைச் சட்டத்தின் பிரிவுக்கு எதிராக 2024 ஜனவரி தொடக்கத்தில் பல மாநிலங்களில் ஓட்டுநர்களே வண்டியை நிறுத்தினர். அவ்வாண்டு ஜூலை 1 அன்று சட்டம் நடைமுறைக்கு வந்தபோது அந்த உட்பிரிவு மட்டும் நிறுத்திவைக்கப்பட்டது.